திட்டுங்க, ஆனா அர்த்தம் தெரிஞ்சு திட்டுங்க

வெளியூர்ல நம்ம ஆளுங்க கூடினா ஒரு வேடிக்கை நடக்கும். பிள்ளைக்கு அ, ஆ எழுத வராது. ஆனா சினிமா காமெடியில வர்ற நாலு வசவை எடுத்து விட்டா பெத்தவங்களுக்கு ஒரே பெருமை. "பாத்தீங்களா, தமிழ் மறக்கல!" மும்பையில இது எனக்குப் பழகிப்போன காட்சி.

திட்டவே கூடாதுன்னு உபதேசம் பண்ண வரலீங்க. நல்லா திட்டறது ஒரு கலை.

'சாவு கிராக்கி'யையே எடுத்துக்குங்க. கிராக்கின்னா வாடிக்கையாளர். இங்கே மராத்திக் கடைக்காரர் 'கிர்ஹாயிக்'னு சொல்றாரே, அதுக்குச் சொந்தக்காரச் சொல்தான். வண்டிக்குக் குறுக்கே வந்து விழறவன் சாவுக்குக் கஸ்டமர்! 'பேமானி' உருது 'பேயிமான்' வழி வந்தது, நேர்மை கெட்டவன்னு அர்த்தம். '420' மோசடிக்கான இந்திய தண்டனைச் சட்டப் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டத்துல அது 318 ஆயிடுச்சு, திட்டு மட்டும் மாறல :-) கடன் வாங்கிட்டு கம்பி நீட்டினவங்களைத் துரத்தின பாங்க்காரன் நான். இந்த வார்த்தைகளோட அருமை எனக்குத் தெரியும். எல்லாமே ஒருத்தன் செஞ்ச காரியத்தைத் திட்டுது.

இப்போ 'கம்மனாட்டி'க்கு வாங்க. கைம்பெண்டாட்டிங்கறதோட மரூஉ. அதாவது விதவை. புருஷன் செத்தது அவ செஞ்ச குத்தமா? தனியா நின்னு பிள்ளைகளை ஆளாக்கின ஒரு பாட்டியோ அத்தையோ இல்லாத குடும்பம் உண்டா? 'சண்டாளன்'? தமிழ்நாட்டுப் பட்டியல் சாதிகள்ல ஒண்ணோட பேர். அதை வசவாவும் கேலியாவும் பயன்படுத்தாதீங்கன்னு மாநில ஆதிதிராவிடர், பழங்குடியினர் ஆணையமே 2024ல சொல்லியாச்சு.

"அர்த்தம் யாருக்கு சார் தெரியும்? சும்மா ஜாலிக்கு"ம்பாங்க. படிக்காம கையெழுத்துப் போட்டுட்டேன்னு சொன்னா கடன் தள்ளுபடி ஆயிடுமா?

ஊர்ல வளர்ற பிள்ளை தப்பா ஒண்ணு சொன்னா திண்ணையில இருக்கற பெருசு யாராவது அதட்டும். இங்கே திண்ணையும் இல்ல, பெருசும் இல்ல. பிள்ளைக்கு அகராதி நாமதான். நாமளே கைதட்டினா அது என்னத்தைக் கத்துக்கும்?

செஞ்சதைத் திட்டச் சொல்லிக் குடுங்க. பொறப்பையும் தாலி இழந்ததையும் விட்டுடுங்க. பேமானிங்களுக்கு இங்கே பஞ்சமே இல்ல, திட்டறதுக்கு ஆள் நிறையவே கிடைப்பாங்க.