ஒரு வாக்கு, இரு அவைகள்

1962இல் மாநிலங்களவையில் அறிஞர் அண்ணா ஆற்றிய கன்னிப்பேச்சைச் சொல்லிச் சொல்லி மகிழ்கிறோம். நாம் வாழும் பகுதியின் உறுப்பினர் யாரென்று கேட்டாலோ விழிக்கிறோம்!

தாராவியும் செம்பூரும் தென்மத்திய மும்பை மக்களவைத் தொகுதியில் அடங்கியவை. நாட்டின் பணப்பெட்டிச் சாவி மக்களவையிடம்தான். பண மசோதாவை மாநிலங்களவை 14 நாட்களுக்கு மேல் நிறுத்தி வைக்க இயலாது. அந்த மாநிலங்களவைக்கு மராட்டியத்தின் 19 உறுப்பினரைத் தேர்ந்தெடுப்போர் இம்மாநிலச் சட்டமன்ற உறுப்பினர்களே. ஆக, இரு அவைகளுக்கும் வழி இங்குள்ள வாக்குச்சாவடி!

நம்மில் பலர் பெயரோ நெல்லைச் சீமைப் பட்டியலில் உறங்குகிறது. வாழ்வு இங்கே, வாக்கு அங்கே என்றால் நமக்காகப் பேசுவார் யார்? விடுதி மாணவர்க்கும் இங்கே பதிய உரிமையுண்டு. பதிவோம், வென்றவரிடம் கணக்குக் கேட்போம்.