மூணு காலேஜ்... ஒரு மீசை!

செமஸ்டர் பரீட்சைக்கு முதல் நாள் ராத்திரி, விட்டத்தைப் பார்த்துப் படுத்துக்கிட்டு, 'நாம ஏன்டா இந்த கோர்ஸ்ல வந்து சேர்ந்தோம்?'னு புலம்பின அனுபவம் உண்டா? அப்படின்னா இந்த வார ஹீரோ உங்க ஆளுதான். பேர், ஸோரன் ராட்மிலோவிச். நாடு, செர்பியா. தொழில், நடிப்பு. அடையாளம், முகத்தில் பாதியை மறைக்கும் மீசை!

1933, மே 11-ம் தேதி செர்பியாவின் கிழக்கு ஓரத்தில் இருக்கும் ஸாயெச்சார் என்ற ஊரில் பிறந்தார் ஸோரன். அப்போ அது யூகோஸ்லாவியா. ஸ்கூல் முடித்ததும் தலைநகர் பெல்கிரேடுக்கு வந்து, முதலில் சட்டம் படிக்கச் சேர்ந்தார். சரிப்படலை. அடுத்து ஆர்க்கிடெக்சர். அதுவும் ஒட்டலை. அப்புறம் மொழி, இலக்கியம். ம்ஹூம்! நாலாவதாக நாடக அகாடமிக்குள் நுழைந்தார். அங்கேதான் நங்கூரம் விழுந்தது.

உடனே, 'பார்த்தியாப்பா, மூணு கோர்ஸை விட்டவரே பெரிய ஆளாகிட்டார்'னு வீட்டுல டயலாக் விட்டு, டி.சி. வாங்க காலேஜ் ஆபீஸ் வாசல்ல போய் நின்னுடாதீங்க பாஸ்! விட்டுட்டு ஓடுறது யாருக்கும் ஈஸி. நாலாவது இடத்தில் அவர் என்ன செய்தார் என்பதுதான் மேட்டரே.

அவரை ஊருக்கே அடையாளம் காட்டியது பெல்கிரேடில் இருக்கும் 'அடெல்யே 212' என்ற நாடக அரங்கம். அதென்ன 212? 1956-ல், ஒரு பத்திரிகைக் கட்டடத்தில் இருந்த ஹாலில் ஆரம்பித்தபோது அங்கே இருந்தது 212 நாற்காலிகள். அவ்வளவுதான், பேர் ரெடி! கம்யூனிஸ்ட் ஆட்சி நடந்த அந்தக் காலத்தில், மற்ற மேடைகள் தொடத் தயங்கின நாடகங்களைத் தைரியமாகப் போட்ட இடம் அது. சாமுவேல் பெக்கெட்டின் 'வெயிட்டிங் ஃபார் கோடோ' முதல் வருஷமே அங்கே மேடை ஏறியது.

1964-ல் அதே அரங்கத்தில் ஸோரனுக்குக் கிடைத்தது 'உபு ராஜா' வேடம். பிரெஞ்சுக்காரர் ஆல்ஃப்ரெட் ஜாரி எழுதின நாடகம். 1896-ல் பாரிஸில் முதன்முதலாகப் போட்டபோது, ஹீரோ வாயைத் திறந்து சொன்ன முதல் வார்த்தைக்கே அரங்கத்தில் ரகளை நடந்தது என்றால் பார்த்துக்கோங்க! உபு ஒரு தொந்தி மன்னன். பேராசைக்காரன், பயந்தாங்கொள்ளி, ராஜாவைக் கொன்னுட்டு சிம்மாசனத்தில் உட்காருபவன். அந்த அசிங்கமான ஆளை ரசிக்கும்படி செய்தார் ஸோரன். 1968-ல் அந்த நாடகம் நியூயார்க்கின் லிங்கன் சென்டர் வரைக்கும் போய் வந்தது.

ஆனா, செர்பியாக்காரர்கள் ஸோரன் பேரைக் கேட்டதும் சொல்லும் பேர் வேற. 'மூன்றாம் ராடோவான்'!

1973-ல் துஷான் கோவாச்செவிச் இந்த நாடகத்தை எழுதினபோது, அவருக்கு வயசு இருபதுகளின் நடுவில்தான். டைரக்‌ஷன், லியுபோமிர் ட்ராஷ்கிச். கதை இதுதான்... கிராமத்திலிருந்து பெல்கிரேடுக்கு வந்து, அடுக்குமாடி வீட்டில் குடியிருக்கும் குடும்பத் தலைவர் ராடோவான். வீட்டுக்குள் அவர் வெச்சதுதான் சட்டம். பையன் பிறக்கலையே என்ற கடுப்பில் ஒரு மகளுக்கு ஆம்பளைப் பேர் வெச்சுப் பையனாகவே நடத்துவார். இன்னொரு மகள் வருஷக்கணக்கா கர்ப்பமா இருக்கா, அப்பா அனுமதி தராததால் குழந்தை பிறக்கலை! பக்கத்து வீட்டுக் குடும்பத்தோடு ஜென்மப் பகை. இத்தனைக்கும் நடுவில், டி.வி. சீரியல் ஹீரோ ஜார்ஜுக்கு என்ன ஆகுமோ என்று அவருக்குத் தூக்கம் வராது.

சிரிப்பா இருக்கில்ல? உள்ளே இருக்கும் வலி வேற. கிராமத்தைத் தொலைச்சுட்டு நகரத்திலும் ஒட்டாமல், கான்க்ரீட் பெட்டிக்குள் சர்வாதிகாரியாக மாறிப் போன ஒரு மனுஷன். யூகோஸ்லாவியாவில் அன்னிக்கு ஆயிரக்கணக்கான குடும்பங்கள் கிராமத்திலிருந்து அப்படி வந்து குடியேறியிருந்தன. ஜனங்க தங்களைப் பார்த்துத் தாங்களே சிரிச்சாங்க.

ஏறக்குறைய 300 தடவை ராடோவானாக மேடை ஏறினார் ஸோரன். ஒரு நாள் போல இன்னொரு நாள் இருக்காது. எழுதின வசனத்துக்கு நடுவே அந்த நிமிஷத்தில் தோணுறதை எடுத்துவிடுவார். லேட்டாக வந்து சீட் தேடுறவர் மாட்டினார்னா, அவருக்கும் அர்ச்சனை உண்டு. கூட நடிக்கிறவங்க சிரிப்பை அடக்க முடியாமல் தவிப்பாங்க. 'இன்னிக்கு என்ன சொல்லப் போறார்?' என்பதற்காகவே, ஏற்கெனவே பார்த்தவங்க திரும்பத் திரும்ப டிக்கெட் எடுத்தாங்க.

இங்கே ஒரு நிமிஷம் நில்லுங்க. இது வெறும் 'கவுன்ட்டர்' கொடுக்கும் திறமை இல்லை. ராடோவான் எப்படிப்பட்ட ஆள்? உலகமே தன் வீடு, எல்லாரும் தனக்கு அடங்கணும்னு நினைக்கிறவர். அப்போ ஹாலில் யாராவது இருமினாலும் அது அவர் வீட்டுக்குள் நடக்கும் குற்றம்தானே! திட்டுறது ஸோரன் இல்லை, ராடோவான். பாத்திரத்தை விட்டு ஒரு இன்ச் வெளியே வந்திருந்தாலும் அது சில்லறைக் காமெடி ஆகியிருக்கும்.

இன்னொரு விஷயம். எவ்வளவு தூரம் வசனத்தை விட்டு விலகிப் போனாலும், அடுத்த நடிகர் பேச வேண்டிய இடத்துக்குச் சரியாகத் திரும்பி வந்து நிற்கணும். இல்லேன்னா மொத்த சீனும் அம்பேல். அதாவது, வசனத்தைத் தாண்டிப் போகணும்னா, முதலில் வசனம் தலைகீழாகத் தெரிஞ்சிருக்கணும்! வைவாவில் மனப்பாடம் பண்ணின பதிலை ஒப்பிக்கிறோம். எக்ஸாமினர் கேள்வியைக் கொஞ்சம் திருப்பிக் கேட்டா, முழிக்கிறோம். நமக்குத் தெரிஞ்சது வரிகள், விஷயம் இல்லை. ஸோரனுக்கு ரெண்டும் தெரிஞ்சிருந்தது. அதனாலதான் 300-வது தடவையும் முதல் தடவையாகவே இருந்தது.

சினிமாவிலும் வந்தார். துஷான் மகாவெயெவ் 1971-ல் எடுத்த 'டபிள்யூ.ஆர்.' படத்தில் நடித்தார். அந்தப் படம் உலகமெல்லாம் பேசப்பட்டாலும், சொந்த நாட்டில் பல வருஷம் திரைக்கு வர முடியாமல் முடங்கிக் கிடந்தது. 1982-ல் ஸ்லோபோடான் ஷியான் இயக்கிய 'தி மாரத்தான் ஃபேமிலி', சவப்பெட்டி செய்து பிழைக்கும் ஒரு குடும்பத்தின் கறுப்புக் காமெடி. கதை, அதே கோவாச்செவிச். கல்லறையைத் தோண்டி, பழைய பெட்டிகளைத் திருடி விற்கும் 'பில்லி பைத்தான்' வேடத்தில் பின்னியெடுத்தார் ஸோரன்.

1985, ஜூலை 21. புற்றுநோய் அவரைக் கொண்டு போனது. வயசு 52.

மேடை நடிகனின் சோகம் இதுதான் மக்களே. சினிமாக்காரன் நடிச்சது ஃபிலிமில் நிற்கும். மேடையில் நேத்து ராத்திரி அடித்த ஜோக், நேத்து ராத்திரியோடு போச்சு. அந்த 300 ராத்திரிகளில் நமக்கு மிச்சம், 1983-ல் டெலிவிஷனுக்காகப் பதிவு செய்த ஒரே ஒரு ராடோவான்தான். அந்த ஒண்ணை வெச்சே, அவரை மேடையில் பார்க்காத தலைமுறையும் அவர் வசனங்களைப் பேசித் திரியுது. அடெல்யே 212 வாசலில் அவருக்குச் சிலை இருக்கு. ஸாயெச்சார் நாடக அரங்கத்துக்கே அவர் பேர்தான். அங்கே அவர் நினைவாக நடக்கும் நாடக விழாவில் நல்ல நடிப்புக்குக் கொடுக்கும் விருதின் பேர் என்ன தெரியுமா? 'ஸோரனின் மீசை'!

மூணு படிப்பு அவருக்குச் சரிப்படலை. நாலாவதில் ஒரே வேஷம், ஒரே மேடை, 300 ராத்திரி. 'டெய்லி அதே கிளாஸ், அதே லேப், போரடிக்குது மச்சி'ன்னு நாளைக்கு யாராவது அலுத்துக்கிட்டா, இந்த மீசைக்காரர் கதையைச் சொல்லுங்க. முதல்ல, நமக்கு நாமே சொல்லிப்போம்!