குடியை நிறுத்த, சாப்பாட்டில் மருந்து கலக்கலாமா?

“எங்களுக்கு ஆறு மா நிலம். அப்பா தினமும் குடிக்கிறார். நெல் போட்ட பணம் வந்துவிட்டால், ஒரு வாரம் வீட்டுக்கே வர மாட்டார். அம்மாவும் நானும்தான் வயலைப் பார்க்கிறோம். அவருக்குத் தெரியாமல் சாப்பாட்டில் மருந்து கலந்து கொடுக்கலாமா? பிளஸ் டூ முடித்துவிட்டேன். கல்லூரிக்குப் போகாமல் நான் வீட்டிலேயே இருந்தால் திருந்துவாரா?”

- பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருவாரூர் மாவட்டம்.

மருந்து கலக்கவே கூடாது. இதற்குப் பயன்படும் டைசல்ஃபிராம் மாத்திரை உடலில் இருக்கும்போது குடித்தால் வாந்தி, படபடப்பு வரும். ரத்த அழுத்தம் இறங்கி உயிருக்கே ஆபத்தாகலாம். அவருக்குத் தெரிந்து, அவர் சம்மதித்து, மருத்துவர் சொன்னால் மட்டுமே கொடுக்க வேண்டும்.

அறையில் பூட்டி வைத்துக் குடியை நிறுத்தவும் முயல வேண்டாம். பல வருடம் தினமும் குடித்தவர் திடீரென நிறுத்தினால், இரண்டு மூன்று நாள்களுக்குள் கை நடுக்கம், வலிப்பு, மனக்குழப்பம் வரலாம். மருத்துவமனையில் வைத்துத்தான் நிறுத்த வேண்டும்.

மாவட்ட அரசுத் தலைமை மருத்துவமனை அல்லது அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவு உண்டு. அப்பா வர மறுத்தால், முதலில் நீங்களும் அம்மாவும் போய்ப் பேசுங்கள். 14446 என்ற இலவச எண்ணில் குடும்பத்தாரும் ஆலோசனை கேட்கலாம். அடி, உதை இருந்தால் 181-ஐ அழையுங்கள்.

இன்றைக்கே செய்ய வேண்டிய வேலை ஒன்று உண்டு. பூச்சிக்கொல்லி, களைக்கொல்லி புட்டிகளைத் திண்ணையிலோ பரணிலோ வைக்காதீர்கள். பெட்டியில் பூட்டி, சாவியை அம்மா வைத்துக்கொள்ளட்டும். போதையிலும், போதை தெளிந்த மன வேதனையிலும் கைக்கு எட்டும் விஷம் உயிரைப் பறித்துவிடும்.

அடுத்து, உங்கள் படிப்பு. குடிக்கிறவர் வீட்டில் வளரும் பிள்ளைகள், வண்டிச் சத்தத்தை வைத்தே அன்றைய இரவு எப்படி இருக்கும் என்று கணித்துவிடுவார்கள். ‘நாம் சரியாக நடந்துகொண்டால் அப்பா குடிக்க மாட்டார்’ என்றும் நம்புவார்கள். அது உண்மையல்ல. குடிநோய் உங்களால் வந்ததல்ல. நீங்கள் காவல் இருப்பதால் போகவும் போகாது. அதற்கு வைத்தியம் வேண்டும். நீங்கள் படிப்பை விட்டால், வீட்டுக்கு இன்னொரு நஷ்டம்தான் சேரும். வயல் வேலைக்கு ஆள் வைப்பதா, ஒரு போகம் குத்தகைக்கு விடுவதா என்று அம்மாவும் தாய்மாமன் போன்ற நம்பிக்கையான உறவினரும் பேசி முடிவெடுக்கட்டும். கல்லூரி விண்ணப்பத்தைக் கடைசித் தேதிக்கு முன்பே போட்டுவிடுங்கள்.