நம்மட பிழையை நாமே சொல்வது காட்டிக்கொடுப்பா?

போன கிழமை தரம் 11க்கு ஊடகப் பாடத்தில் ஆவணப்படங்கள் பற்றிப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். ஒரு மாணவி எழும்பிக் கேட்டாள்: "டீச்சர், நம்மட ஆக்கள்ற பிழைய நாமளே படமா எடுத்துக் காட்டினா, அது சமூகத்தக் காட்டிக் குடுக்கிற மாதிரி இல்லையா?"

மணி அடித்ததைச் சாட்டி நழுவிவிட்டேன். வீட்டுக்கு வந்தும் மனம் கேட்கவில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன். பெற்றோரும் வாசிப்பீர்கள்தானே.

டீயா கான் என்று ஓர் ஆவணப்பட இயக்குநர். 1977இல் ஒஸ்லோவில் பிறந்தவர். வாப்பா பாகிஸ்தான், உம்மா ஆப்கானியப் பின்னணி. சின்ன வயதிலேயே பாட்டுக்காக மேடை ஏறினார். பெண் பிள்ளை பாடுவதா என்று முஸ்லிம்களில் சிலர் மிரட்டினார்கள். நிறத்தைப் பார்த்து வெள்ளை இனவாதிகளும் மிரட்டினார்கள். 17 வயதில் நோர்வேயை விட்டு லண்டனுக்குப் போனார். இரண்டு பக்கமும் அடி வாங்கியவர்தான் பிறகு கமராவைத் தூக்கினார்.

2012இல் வந்த முதல் படம் பனாஸ் மஹ்மூத் பற்றியது. லண்டனில் வாழ்ந்த குர்திஷ் யுவதி. தான் விரும்பியவரோடு பழகியதற்காக 2006இல், 20 வயதில் கொல்லப்பட்டார். தன்னைக் கொல்லப் போகிறார்கள் என்று முன்கூட்டியே பலமுறை பொலிஸில் சொல்லியிருந்தார். ஆட்களின் பெயரையும் கொடுத்திருந்தார். காப்பாற்ற ஆளில்லை. கடைசியில் ஆயுள் தண்டனை கிடைத்தவர்களில் அவருடைய வாப்பாவும் வாப்பாவின் சகோதரரும் இருந்தார்கள். இந்தப் படத்துக்கு எமி விருது கிடைத்தது.

2015இல், ஜிஹாத் என்று நம்பிப் போராடப் போய்த் திரும்பிய பிரித்தானிய முஸ்லிம்களோடு உட்கார்ந்து கதைத்து இன்னொரு படம் எடுத்தார்.

அவர் இதோடு நின்றிருந்தால் என் மாணவியின் பயம் நியாயம்தான். "முஸ்லிமே சொல்லிட்டா" என்று இனவாதிகள் தூக்கிப் பிடிப்பார்கள். 2019க்குப் பிறகு அதை நமக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை.

ஆனால் 2017இல் அதே கமராவோடு அமெரிக்க நவநாஜிகளிடம் போனார். தன்னைப் போன்றவர்களை வெறுப்பவர்கள் என்று தெரிந்தே அவர்களுக்கு முன்னால் உட்கார்ந்தார். ஏசவில்லை, கேள்வியை விடவுமில்லை. அவர் சந்தித்தவர்களில் ஒருவரான ஜெஃப் ஷூப் பல வருடங்கள் நவநாஜி இயக்கமொன்றின் தலைவராக இருந்தவர். 2019இல் அதை விட்டு விலகினார். டீயாவோடு கதைத்ததும் அதற்கு ஒரு காரணம் என்று அவரே சொல்லியிருக்கிறார்.

மாணவிக்கு என் பதில் இதுதான். காட்டிக்கொடுக்கிறவர் ஒரு பக்கத்துக்கு வேலை செய்வார். டீயா இரண்டு பக்கமும் போய் "ஏன் இப்படி?" என்றுதான் கேட்டார். பெற்றோருக்கு எதிராக இருந்தாலும் நீதியாகச் சாட்சி சொல்லச் சொன்ன மார்க்கம் நம்முடையது.

நம் நாட்டில் 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தால் பட்ட கஷ்டத்தை வெளியே சொன்ன பெண்களுக்கும் காட்டிக்கொடுப்பவர்கள் என்ற பெயர்தான் கிடைத்தது. "இப்ப அதுக்கு நேரமில்ல" என்றோம். திருத்தத்துக்காக 2009இல் நியமித்த குழு அறிக்கை கொடுக்கவே 2018 ஆனது. நேரம் எப்போதுதான் வரும்?

"உள்ளுக்குள்ள பேசித் தீர்ப்போம்" என்பவர்களோடு எனக்குச் சண்டையில்லை. எனக்கும் அதுதான் விருப்பம். ஆனால் உள்ளே பேச விடாத வீட்டின் கதை வெளியேதான் போகும். போன பிறகு சொன்னவளை ஏசுவதில் என்ன நியாயம்?

நாளைக்கு அந்தப் பிள்ளையிடம் முதலில் மன்னிப்புக் கேட்கப் போகிறேன். பிறகு, எதைப் படமெடுக்க நினைத்து அப்படிக் கேட்டாள் என்று கேட்பேன். உங்கள் பிள்ளையும் இராச் சாப்பாட்டு நேரம் இப்படி ஒரு கேள்வி கேட்கலாம். தயவுசெய்து "வாய மூடு" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள்.