வாதியும் நடுவரும் ஒரே துறையில்

தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்களின் பதிவாளர் அவர்களுக்கு,

வாங்கிய கடனைக் கட்டித்தான் தீர வேண்டும். அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. என் கேள்வி வசூலைப் பற்றியதன்று, வசூல் வழக்கில் யார் எந்த நாற்காலியில் உட்காருகிறார்கள் என்பது பற்றியது. 1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90-ஆவது பிரிவின்படி, தவணை தவறிய கடனுக்கான வழக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போவதில்லை. உங்கள் துறைக்கே வருகிறது. துணைப் பதிவாளரோ, அந்த அதிகாரம் பெற்ற வேறொரு துறை அலுவலரோ நடுவராகிறார். தீர்ப்பை நிறைவேற்ற ஜப்தி, ஏலம் என்று இறங்கும் விற்பனை அலுவலரும் துறைக்காரரே. மறுபக்கம், மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கியின் மேலாண்மை இயக்குநராகப் பெரும்பாலும் அமர்வது இணைப் பதிவாளர் நிலை அதிகாரி. 2018-இல் வந்த நிர்வாகக் குழுக்களின் காலம் 2023-இல் முடிந்தபின் செயலாட்சியர்களாக வந்தவர்களும் உங்கள் அலுவலர்களே. வாதி துறை, நடுவர் துறை, அமீனாவும் துறை. கடன்காரரும் ஜாமீன் போட்டவரும் மட்டுமே வெளியாட்கள்.

இதில் சொந்த லாபம் யாருக்கு என்று கேட்கலாம். லஞ்சம் பற்றி நான் பேசவில்லை. இணைப் பதிவாளர் நிர்வகிக்கும் வங்கி கொண்டுவரும் வழக்கில், பதவியில் அவருக்குக் கீழே உள்ள துணைப் பதிவாளர் தீர்ப்புச் சொல்கிறார். அடுத்த இடமாறுதலில் அதே இணைப் பதிவாளர் அவருக்கே மேலதிகாரியாக வரலாம். வசூல் ஏன் குறைந்தது என்று ஆய்வுக் கூட்டத்தில் கேட்கப்படும் துறையும் இதுவே. எவ்வளவு நேர்மையானவருக்கும் இது சுமைதான். கடனே மறுக்கப்படாத வழக்கில் இதனால் பெரிய கேடில்லை. ஆனால் ‘பணம் கட்டிவிட்டேன், சங்கத்தில் வரவு வைக்கவில்லை’ என்றோ, ‘ஜாமீன் கையெழுத்து என்னுடையதல்ல’ என்றோ ஒருவர் சொல்லும்போது நிலைமை வேறு. அவர் சொல்வது உண்மையானால் மேற்பார்வை தவறியது துறையே. 81-ஆவது பிரிவின்கீழ் விசாரணை, 87-இன்கீழ் பொறுப்பானவரிடம் இழப்பை வசூலிக்கும் தண்டத்தீர்வை என்று வேலையும் துறையின் தலையில் விழும். அவரை நம்பாமல் இருப்பது துறைக்கு எவ்வளவு வசதி என்று யோசித்துப் பாருங்கள்.

ஆந்திரப் பேருந்துப் போக்குவரத்தை அரசுடைமையாக்கும் திட்டத்தின் மீதான ஆட்சேபங்களைப் போக்குவரத்துத் துறைச் செயலாளரே கேட்டார். துறையே ஒரு தரப்பாக இருக்கும் வழக்கை அதன் செயலாளர் விசாரிப்பது இயற்கை நீதிக்கு முரண் என்று 1958-இல் சொன்னது உச்ச நீதிமன்றம். அவர் கைநீட்டினாரா என்று அது பார்க்கவில்லை. சட்டம்தானே பதிவாளருக்கு அதிகாரம் தந்தது என்பீர்கள். தந்தது, உண்மை. எந்த அலுவலரிடம் வழக்கை ஒப்படைப்பது என்னும் தேர்வையும் அதே சட்டம் உங்களிடமே விட்டிருக்கிறது. மேல்முறையீட்டுக்குத் தீர்ப்பாயம் உண்டே என்றால், கீழே பதிவேட்டில் ஏறாத ரசீதை மேலே போய்த் தேடுவது எளிதல்ல. வக்கீல் வைக்கச் சிறு விவசாயியிடம் காசும் இராது. வர்த்தக வங்கிகளும் தம் அலுவலர்களைக் கொண்டேதானே ஏலம் விடுகின்றன என்ற வாதத்தில் ஓரளவு நியாயமுண்டு. அந்த ஏலத்துக்கு இடந்தரும் சட்டம் கூட்டுறவு வங்கிகளுக்கும் பொருந்தும் என்று 2020-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வே சொல்லிவிட்டது. ஆனால் அங்கே முறையிடப் போகும் கடன் வசூல் தீர்ப்பாயம் வங்கி ஆட்களால் நடப்பதல்ல.

ஆள் பற்றாக்குறை என்பதுதான் எஞ்சும் தடை. கூட்டுறவுத் தணிக்கையை உங்கள் கையிலிருந்து பிரித்து நிதித் துறையின்கீழ்த் தனி இயக்குநரகமாக வைத்தபோதும் ஆள் தேவைப்பட்டிருக்கும். வழக்குக்கு அவ்வளவுகூட வேண்டாம். ஒரு மாவட்ட வங்கியின் வழக்கை அடுத்த மண்டலத்து நடுவர் கேட்கட்டும். அந்த வங்கியிலோ சங்கத்திலோ முன்பு பணியாற்றியிருந்தால் முதல் விசாரணையிலேயே எழுதித் தரட்டும். அயற்பணியில் வங்கியிடம் சம்பளம் வாங்குபவர் அதே வங்கிக்கு விற்பனை அலுவலராக வேண்டாம். இதற்குச் சட்டத் திருத்தம் தேவையில்லை, உங்கள் சுற்றறிக்கை போதும். வரவு வைக்கப்படவில்லை என்ற எதிருரை ஏற்கெனவே பதிவாகி நிலுவையில் கிடக்கும் வழக்குகளிலிருந்து தொடங்குங்கள். அவற்றில் ஏலத் தேதி குறிப்பதற்கு முன்பாகவே.