ஆண்டு ஒன்றில் எந்த மொழி?

ஆண்டு 1-க்கான மாணவர் பதிவு தொடங்கும் காலத்தில், ஜொகூர் மாநிலத் தமிழர் வீடுகள் பலவற்றில் ஒரே கேள்வி எழுகிறது. பிள்ளையைத் தமிழ்ப்பள்ளியில் சேர்ப்பதா, தேசியப்பள்ளியில் சேர்ப்பதா? குளுவாங் வட்டாரத்தில் செம்பனைத் தோட்டத்தை நம்பி வாழும் குடும்பமும், விடியுமுன்னே பாலத்தைக் கடந்து சிங்கப்பூருக்கு வேலைக்குச் செல்லும் ஜொகூர் பாரு குடும்பமும் இதற்கு விடை காண வேண்டியிருக்கிறது. பள்ளியின் தூரம், பேருந்துக் கட்டணம், அக்கம்பக்கத்தார் பேச்சு ஆகியவையும் முடிவில் கலந்துவிடுகின்றன. ஆனாலும், இது அடிப்படையில் மொழியைப் பற்றிய கேள்வி. ஏழு வயதுக் குழந்தை புதிய பாடத்தையும் புதிய மொழியையும் ஒரே நேரத்தில் சுமக்க வேண்டுமா? அல்லது, தெரிந்த மொழியில் பாடத்தைக் கற்றுக்கொண்டே மற்ற மொழிகளைப் படிப்படியாகச் சேர்த்துக்கொள்ள வேண்டுமா?

பின்னதே பொருத்தம் என்பதைக் கணிதப் பாடத்திலேயே காணலாம். தமிழில் 17 என்பது பதினேழு. பத்தும் ஏழும் அந்தச் சொல்லுக்குள்ளேயே வரிசையாக நிற்கின்றன. மலாய்மொழியில் அதே எண் ‘துஜு பெலாஸ்’, ஆங்கிலத்தில் ‘செவன்டீன்’. இரண்டிலும் ஏழுதான் முதலில் ஒலிக்கிறது. இடமதிப்பை இன்னும் உணராத குழந்தை, காதில் விழும் ஏழை முதலில் எழுதி 71 என்று தவறு செய்ய இடமுண்டு. பத்தும் ஒன்றும் எவை என்பதைப் பதினேழில் புரிந்துகொண்ட குழந்தைக்கு, ‘துஜு பெலாஸ்’ ஒரு புதிய பெயர் மட்டுமே. கணிதத்தை அது மீண்டும் கற்க வேண்டியதில்லை. இருபதைத் தாண்டியதும் மலாய்மொழியும் தமிழைப் போலவே பத்தை முன்னே வைக்கிறது என்பதைக் கண்டுபிடிக்கும்போது அதற்கு ஒரு மகிழ்ச்சியும் கிட்டும்.

அறிவியலிலும் இப்படித்தான். ‘ஒளிச்சேர்க்கை’ என்ற சொல்லைக் கேட்ட மாணவனுக்கு, ஒளிக்கும் இந்நிகழ்வுக்கும் தொடர்பு உண்டு என்பது விளக்கம் தொடங்குமுன்பே தெரிந்துவிடுகிறது. ‘ஃபோட்டோசிந்தசிஸ்’ என்பதை மனனம் செய்யும் குழந்தைக்கு அந்தத் துணை இல்லை. கருத்து மனத்தில் பதிந்த பிறகு, அதன் ஆங்கிலப் பெயரையும் மலாய்ப் பெயரையும் கற்பது எளிது.

கனடா நாட்டு மொழிக்கல்வி அறிஞர் ஜிம் கம்மின்ஸ் இதைப் பனிப்பாறையோடு ஒப்பிட்டார். நீருக்கு மேலே இரண்டு முனைகள் தனித்தனியாகத் தெரிந்தாலும், அடியில் இருப்பது ஒரே பாறை. அதுபோல, ஒரு மொழியில் வளர்ந்த சிந்தனைத் திறன் மற்ற மொழிக்கும் பயன்படுகிறது. தாய்மொழியே தொடக்கக்கல்விக்குச் சிறந்த ஊடகம் என யுனெஸ்கோ 1953-ஆம் ஆண்டிலேயே எடுத்துரைத்தது.

“வீட்டில்தான் தமிழ் பேசுகிறோமே, அது போதாதா?” என்று கேட்பவர்களும் உண்டு. பசியையும் கோபத்தையும் சொல்ல வீட்டுத் தமிழ் போதும். ஆவியாதல், பரப்பளவு, காரணம், விளைவு போன்ற சொற்கள் சமையலறையில் வந்துவிடுவதில்லை. எழுதப் படிக்கக் கற்காத மொழி, பாட்டியோடு பேசும் மொழியாகவே நின்றுவிடும். பாட்டிக்குப் பிறகு அதுவும் இராது.

பெற்றோரின் பெரிய அச்சம் வேறு. தமிழ்ப்பள்ளியில் படித்தால் மலாய்மொழி வராது, பிள்ளை பின்தங்கிவிடும் என்பதே அது. இந்த அச்சத்தை வெறும் தாழ்வு மனப்பான்மை என்று ஒதுக்குவது நியாயமன்று. தமிழ்ப்பள்ளியை முடித்து, தேசிய மொழியில் போதிய தேர்ச்சி இல்லாததால் புகுமுக வகுப்பில் ஓராண்டைக் கழித்தவர்கள் பலர் இன்று பெற்றோராக இருக்கிறார்கள். அந்த ஓராண்டை அவர்கள் மறக்கவில்லை. ஆனால், குறை எங்கே இருந்தது என்று பார்க்க வேண்டும். பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேரோ அதற்கு மேலோ இருந்தால் தோட்ட நிர்வாகம் பள்ளி நடத்த வேண்டும் என 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம் விதித்தது. சட்டம் இருந்தது, கட்டடமும் பயிற்சி பெற்ற ஆசிரியரும் பெரும்பாலும் இல்லை. கங்காணியோ கிராணியோ பாடம் சொல்லிக் கொடுத்த தோட்டங்களும் உண்டு. அப்பிள்ளைகளைப் பின்தள்ளியது வறுமையும் புறக்கணிப்பும்தான். பழி மட்டும் மொழியின்மேல் விழுந்தது.

இன்றைய தமிழ்ப்பள்ளியில் ஆண்டு 1 முதலே மலாய்மொழியும் ஆங்கிலமும் கட்டாயப் பாடங்கள். உண்மையில் அது மும்மொழிப் பள்ளி. ஆகவே, தமிழை நேசிப்பவர்கள் மலாய்மொழி வகுப்பைக் குறைவாக எண்ணினால், அது தமிழ்ப்பள்ளிக்கே செய்யும் தீங்கு. மலாய்மொழியை நன்கு கற்பிக்காத தமிழ்ப்பள்ளி, பெற்றோரைத் தானே விரட்டுகிறது. இரு மொழிகளும் ஒன்றுக்கொன்று அந்நியமும் அல்ல. நமது கப்பல் அங்கே ‘காப்பால்’. நமது கடை ‘கெடாய்’. நமது கட்டில் ‘காத்தில்’. தமிழில் வினை வாக்கியத்தின் இறுதியில் வரும். மலாய்மொழியில் நடுவில் வரும். ‘நான் சோறு சாப்பிடுகிறேன்’ என்பதையும் ‘சாயா மாக்கான் நாசி’ என்பதையும் கரும்பலகையில் அருகருகே எழுதிக் காட்டும் ஆசிரியர், ஒரே பாடத்தில் இரண்டு மொழிகளின் இலக்கணத்தையும் கற்பித்துவிடுகிறார்.

பாடமொழியை அவசரமாக மாற்றிப் பார்த்த அனுபவமும் நமக்கு உண்டு. 2003-ஆம் ஆண்டு கணிதமும் அறிவியலும் ஆங்கிலத்திற்கு மாறின. தமிழ்ப்பள்ளிகளும் மாறின. 2009-இல் அத்திட்டத்தைக் கைவிட அரசாங்கம் முடிவு செய்தது. நகர்ப்புற, கிராமப்புற மாணவர்களிடையே அடைவுநிலை இடைவெளி விரிந்ததும், ஆசிரியர் பலருக்கு ஆங்கிலத்தில் போதிய தேர்ச்சி இல்லாததும் அப்போது கூறப்பட்ட காரணங்கள். அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலமும் இத்தகைய பாதையில் சென்று திரும்பியது. ஸ்பானிய மொழி பேசும் பிள்ளைகளுக்கான இருமொழி வகுப்புகளை அம்மாநில மக்கள் 1998-இல் வாக்களித்து வெகுவாகக் கட்டுப்படுத்தினர். 2016-இல் மீண்டும் வாக்களித்து அக்கட்டுப்பாட்டை நீக்கினர்.

பாலத்திற்கு அப்பால் சிங்கப்பூர் வேறு வழியைத் தேர்ந்தது. அங்கே ஆங்கிலம் பாடமொழி. தமிழ் ஒரு பாடம். தமிழைப் பயிற்றுமொழியாகக் கொண்ட உமறுப்புலவர் உயர்நிலைப்பள்ளி 1982-இல் மூடப்பட்டது. 2020-ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, அங்குள்ள இந்தியர்களில் ஏறத்தாழ 59 விழுக்காட்டினர் வீட்டில் மிகுதியாகப் பேசுவது ஆங்கிலம். தமிழ் 28 விழுக்காட்டை ஒட்டியே நிற்கிறது. அந்நாட்டுத் தமிழாசிரியர்களின் உழைப்பு குறைவானதன்று. எனினும், பாடம் கற்கும் மொழியாக இல்லாதபோது, வீட்டிலும் அது மெல்லப் பின்வாங்குகிறது என்பதை ஜொகூர் பெற்றோர் அருகிலிருந்தே பார்க்கலாம்.

ஜொகூரில் ஏறத்தாழ 70 தமிழ்ப்பள்ளிகள் உள்ளன. தோட்டங்களை விட்டு மக்கள் மாசாய், ஸ்கூடாய், பாசிர் கூடாங் பகுதிகளுக்குக் குடிபெயர்ந்ததால் உட்புறப் பள்ளிகளில் மாணவர் எண்ணிக்கை சுருங்கியது. அதைப் பற்றி அடிக்கடி பேசப்படுகிறது. அதைவிடக் குறைவாகப் பேசப்படும் சிக்கல் ஒன்று உண்டு. தமிழ்வழிக் கல்வி ஆண்டு 6-உடன் முடிந்துவிடுகிறது. படிவம் 1-இல் தமிழ் ஒரு பாடமாக மட்டுமே தொடர முடியும். ஆசிரியர் இல்லாத பள்ளிகளில் அதுவும் இல்லை. ஆறு ஆண்டுகள் வளர்த்த மொழியைப் பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் கைவிடச் செய்யும் இந்த இடத்தில்தான் இழப்பு பெரிது.

இதற்குச் சட்டத்திலேயே ஒரு வாசல் இருக்கிறது. ஒரு தேசியப்பள்ளியிலோ தேசிய இடைநிலைப்பள்ளியிலோ குறைந்தது 15 மாணவர்களின் பெற்றோர் கேட்டுக்கொண்டால், தமிழ் கற்பிக்க வசதி செய்ய வேண்டும் என 1996-ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் கூறுகிறது. பல இடைநிலைப்பள்ளிகளில் தமிழ் மாணவர்கள் அந்த எண்ணிக்கையைவிட அதிகமாகவே இருக்கிறார்கள். கோரிக்கைக் கடிதம்தான் தலைமையாசிரியரின் மேசைக்குப் போய்ச் சேர்வதில்லை. ஆண்டு 1-இல் எந்தப் பள்ளி என்று பல வாரங்கள் விவாதிக்கும் பெற்றோர், படிவம் 1-இன் முதல் வாரத்தில் அந்த ஒரு கடிதத்தை எழுதலாம்.