8 ஜிபி எப்படி 2 டிபி ஆகிறது?

சில நூறு ரூபாய்க்கு 2 டிபி பென் டிரைவ் வாங்கி ஏமாந்தவரிடம் எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: "மலிவுக்கு ஆசைப்பட்டா இப்படித்தான்." திருடனை விட்டுவிட்டுப் பறிகொடுத்தவனைத் திட்டுகிற கதை.

பென் டிரைவுக்குள் முக்கியமானவை இரண்டு: ஃபைலைச் சேமிக்கும் ஃப்ளாஷ் சிப், அதை மேய்க்கும் கன்ட்ரோலர். கம்ப்யூட்டர் ஃப்ளாஷ் சிப்பை நேரில் பார்ப்பதே இல்லை. எவ்வளவு இடம் இருக்கிறது என்று கன்ட்ரோலரைக் கேட்கும், அது சொல்வதை அப்படியே நம்பும். அந்த எண்ணை மாற்றினால் 8 ஜிபி சரக்கு 2 டிபி ஆகிவிடும். மாற்றப் பெரிய மேதை வேண்டாம். தொழிற்சாலைகளுக்கென்று செய்த மென்பொருள் இணையத்தில் கசிந்து கிடக்கிறது.

இதற்குப் பிறகுதான் கொடுமை. 8 ஜிபி நிரம்பியதும் மிச்சமெல்லாம் பழைய ஃபைல்களின் மேலேயே எழுதப்படும், அல்லது காற்றில் போகும். பெயர்ப் பட்டியல் டிரைவின் ஆரம்பத்தில் இருப்பதால் பெயர்கள் மட்டும் பத்திரமாகத் தெரியும். இறுதியாண்டு ப்ராஜெக்டைத் திறக்கும் நாளில்தான் உண்மை தெரியும்.

அந்த மென்பொருளுக்கு நியாயமான வேலையும் உண்டு. பாதி பழுதான சிப்பையும் வீணாக்காமல் குறைந்த கொள்ளளவில் விற்க அது வேண்டும். சரி, குறைக்கட்டும். கூட்டுவதற்கு எதற்கு அனுமதி? ஃப்ளாஷ் சிப்பின் அடையாளக் குறியீட்டைப் படித்தாலே அசல் அளவு பொதுவாகத் தெரிந்துவிடும். அதற்கு மேல் போகாதபடி தடுத்து, கம்பெனியின் டிஜிட்டல் கையெழுத்து இல்லாத ஃபர்ம்வேரைக் கன்ட்ரோலர் ஏற்காமல் செய்திருக்கலாம். தெரியாமல் விட்டார்கள் என்றும் சொல்ல முடியாது. 2013ல் ஹாம்பர்க் மாநாட்டில் பன்னி ஹுவாங்கும் ஷான் கிராஸும் மெமரி கார்டு கன்ட்ரோலரின் வாசல் திறந்து கிடப்பதைக் காட்டினார்கள். 2014ல் கார்ஸ்டன் நோலும் யாகோப் லெல்லும் பென் டிரைவின் ஃபர்ம்வேரை மாற்றி அதைக் கீபோர்டாகவே நடிக்க வைத்தார்கள்.

வாங்குபவர்தான் சோதிக்க வேண்டுமாம். எச்2டெஸ்ட்டபிள்யூ, எஃப்3 போன்ற இலவச மென்பொருள்கள் டிரைவை முழுக்க நிரப்பி, திரும்பப் படித்துப் பார்க்கும். நல்ல கருவிகள்தான். ஆனால் நொடிக்கு 10 எம்பி வேகத்தில் 2 டிபி எழுத மட்டுமே இரண்டு நாளுக்கு மேல் ஆகும்! (கரண்ட் போகாமல் இருந்தால்.) ஒரு லாட்டுக்கு ஒன்றை எடுத்து இதே சோதனையைச் செய்துவிட்டு விற்க ஆன்லைன் கடைகளுக்கு என்ன கேடு? கமிஷனை மட்டும் ஒவ்வொன்றுக்கும் தவறாமல் எடுக்கத் தெரிகிறதே.